வங்கி ஏல நோட்டீஸ் வந்தால் கோர்ட்டில் என்ன கிடைக்கும், எப்போது கிடைக்கும்?

தமிழ் தினசரிகளின் உள்பக்கத்தில் பொடி எழுத்தில் கட்டம் கட்டி 'சுவாதீன அறிவிப்பு' என்று ஒன்று வரும், அடமானச் சொத்தை வங்கி தன் வசம் எடுத்துக்கொண்டதாகச் சொல்வது. கடன் வாங்கியவர் பெயர், ஜாமீன் போட்டவர் பெயர், பாக்கித் தொகை, சர்வே நம்பர், நான்கு பக்கத்துச் செக்குபந்தி எல்லாம் அதில் இருக்கும். பெரும்பாலானோர் புரட்டிவிட்டுப் போய்விடுவார்கள். தன் பெயர் வந்தவருக்குத்தான் அப்புறம் தூக்கம் வராது. ஆறுதல் சொல்ல வருகிறவர்களும் ஆளுக்கு ஒன்று சொல்வார்கள். "ஸ்டே வாங்கிடலாம்", "விவசாய நிலத்தை பேங்க் தொடவே முடியாது", "ஓடிஎஸ் (ஒரே தவணையில் தீர்க்கும் சமரசம்) போட்டா பாதியில முடிஞ்சிடும்". எல்லாவற்றிலும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. முழு உண்மை ஒன்றிலும் இல்லை.

கடன் வாங்கியது நிஜம், தவணை கட்டாததும் நிஜம் என்றால் எந்த நீதிமன்றமும் அதைத் தள்ளுபடி செய்யாது. அங்கே கேட்கப்படும் கேள்வி வேறு: வங்கி சட்டம் சொன்ன படிகளை ஒழுங்காக ஏறி வந்ததா? ஒரு படியைத் தாண்டிக் குதித்திருந்தால் அந்த நடவடிக்கை நிற்கும், நமக்குப் பணம் புரட்ட அவகாசம் கிடைக்கும். ஆனால் ஒவ்வொரு படியிலும் நாம் பேசுவதற்கு ஒரு கெடு தேதி உண்டு. தேதி போனால் வாய்ப்பும் போய்விடும். சட்டம் தெரியாமல் தோற்கிறவர்களைவிட தேதியை விட்டுத் தோற்கிறவர்கள்தான் அதிகம் என்பது என் எண்ணம்.

ஓர் உதாரணத்தோடு போகலாம். கிருஷ்ணகிரி மாவட்டம் காவேரிப்பட்டணத்தில் மாங்காய் மண்டி வைத்திருக்கும் ஒருவர் என்று வைத்துக்கொள்வோம். கூழ் ஆலைகளுக்குப் பெங்களூரா காய் அனுப்புகிறார். டவுனில் உள்ள வீட்டையும் ஊருக்கு வெளியே இரண்டு ஏக்கர் மாந்தோப்பையும் அடமானம் வைத்து ஒரு வங்கியில் தொழில் கடன் வாங்கினார். மச்சினர் ஜாமீன் கையெழுத்துப் போட்டார். ஒரு சீசனில் காய் விலை விழுந்தது, ஆலையிலிருந்து வர வேண்டிய பணமும் வரவில்லை, தவணை நின்றது. இப்போது வட்டியோடு பாக்கி 22 லட்சம்.

தவணை 90 நாளுக்கு மேல் நின்றால் அந்தக் கணக்கை வங்கி வாராக்கடன், அதாவது என்பிஏ என்று குறிக்கும். பயிர்க்கடனுக்கு மட்டும் கணக்கு வேறு: குறுகிய காலப் பயிராக இருந்தால் இரண்டு பருவம், நீண்ட காலப் பயிராக இருந்தால் ஒரு பருவம் பார்ப்பார்கள். என்பிஏ ஆன பிறகுதான் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம் வங்கியின் கைக்கு வருகிறது. முன்பெல்லாம் வழக்குப் போட்டு, டிகிரி எனும் தீர்ப்பாணை வாங்கி, ஜப்திக்குப் போக வேண்டும். இந்தச் சட்டத்தில் அடமானச் சொத்தை எடுக்க வங்கி முதலில் கோர்ட் வாசலை மிதிக்கவே வேண்டாம். கோர்ட்டைத் தேடிப் போக வேண்டியவர் கடன் வாங்கியவர்தான். வந்த நோட்டீஸைப் பிரிக்காமல் பீரோவில் வைத்துவிட்டு, 'கேஸ் வந்தால் பார்த்துக்கொள்ளலாம்' என்று காத்திருக்கிறவர்கள் மாட்டிக்கொள்வது இதனால்தான். கேஸ் வராது, பூட்டுதான் வரும்.

முதல் நோட்டீஸும் அறுபது நாளும்

முதலில் வருவது 13(2) நோட்டீஸ். எவ்வளவு பாக்கி, எந்தச் சொத்தின் மீது கை வைக்கப் போகிறோம் என்று சொல்லி, 60 நாளுக்குள் முழுத் தொகையையும் கட்டச் சொல்லும். நம்மவருக்கு நோட்டீஸ் செப்டம்பர் 3 அன்று கிடைத்தால் நவம்பர் 2 வரை அவகாசம். ஜாமீன் போட்ட மச்சினருக்கும் ஒரு நகல் போயிருக்கும். 'நான் சும்மா கையெழுத்துதானே போட்டேன்' என்பது இங்கே எடுபடாது. சட்டத்தின் கண்ணில் ஜாமீன்தாரரும் கடன்தாரர்தான்.

இந்த 60 நாளில் கடன் வசூல் தீர்ப்பாயமான டிஆர்டிக்கோ வேறு தீர்ப்பாயத்துக்கோ போக வழியில்லை. ஆனால் பதில் எழுதலாம், எழுதித்தான் ஆக வேண்டும். 13(3ஏ) பிரிவின்படி நம் ஆட்சேபணையை வங்கி பரிசீலிக்க வேண்டும். ஏற்காவிட்டால் காரணத்தை 15 நாளுக்குள் எழுத்தில் சொல்ல வேண்டும். இது கட்டாயம் என்று 2018-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. மேனேஜரை நேரில் பார்த்து 'கொஞ்சம் டைம் கொடுங்க சார்' என்று கேட்டுவிட்டு வருவது ஆட்சேபணை ஆகாது. காகிதம் வேண்டும், அது போய்ச் சேர்ந்ததற்கு ஒப்புகை வேண்டும். நேரில் கொடுத்தால் நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள்.

அந்தக் காகிதத்தில் என்ன எழுதுவது? முதலில் கணக்கு விவரத்தைக் கேட்டு வாங்கி வரி வரியாகப் பாருங்கள். கட்டிய பணம் வரவு வைக்கப்பட்டிருக்கிறதா, என்பிஏ தேதி சரியா, சொத்து விவரத்தில் சர்வே நம்பர் சரியா என்று பார்க்க வேண்டும். அபராத வட்டி என்று ஒரு தொகையைச் சேர்த்து, அதன் மேலும் வட்டி போட்டிருக்கிறார்களா என்றும் பாருங்கள். தவணை தவறியதற்கு அபராதக் கட்டணம்தான் வாங்கலாம், அதை அசலோடு சேர்த்து வட்டி போடக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2023-இல் உத்தரவிட்டு, 2024-இல் அது நடைமுறைக்கும் வந்துவிட்டது. நம் பதிலில் இருக்கும் ஒரு திட்டவட்டமான புள்ளி, 'கோவிட்ல அடிபட்டோம், மழையில அடிபட்டோம்' என்ற நான்கு பக்கப் புலம்பலைவிட அதிகம் பேசும்.

சிறு தொழில் என்று உத்யம் பதிவு வைத்திருப்பவர்களுக்கு இன்னொன்றும் உண்டு. நலிந்த சிறு தொழில்களின் கடனைச் சீரமைக்க 2015 மே மாதம் மத்திய அரசு ஓர் அறிவிக்கை வெளியிட்டது; 25 கோடி ரூபாய் வரையிலான கடன்களுக்கு அது பொருந்தும். கணக்கு என்பிஏ ஆவதற்கு முன்பே சீரமைப்பைப் பரிசீலிக்கச் சொல்லும் ஏற்பாடு அது. ஆனால் வாயைத் திறக்காமல் இருந்துவிட்டு, சொத்து கைப்பற்றும் கட்டத்தில் 'நான் சிறு தொழில்' என்று நிற்க முடியாது என்று 2024-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தவணை தட்டத் தொடங்கியதுமே எழுதிக் கேட்டு வைப்பதுதான் புத்திசாலித்தனம்.

நோட்டீஸ் வந்த பின் சொத்தை அவசரமாக மகன் பெயருக்கு எழுதுவது, வாடகைக்கு விட்டதாகப் பத்திரம் போடுவது போன்ற யோசனைகளும் காதில் விழும். வங்கியின் எழுத்துச் சம்மதம் இல்லாமல் அப்படிச் செய்யக் கூடாது என்று 13(13) தடுக்கிறது. மீறினால் தண்டனைக்கும் இடமிருக்கிறது.

கதவில் காகிதம் ஒட்டிய பிறகு

60 நாள் முடிந்தும் பணம் கட்டவில்லை, ஆட்சேபணையும் எடுபடவில்லை என்றால் வங்கி 13(4)-க்கு நகரும். அதிகாரி வந்து கதவிலோ சுவரிலோ அறிவிப்பை ஒட்டுவார். 7 நாளுக்குள் இரண்டு செய்தித்தாள்களில் விளம்பரம் வர வேண்டும். அதில் ஒன்று தமிழில் இருக்க வேண்டும். இதற்குப் பெயர் காகித சுவாதீனம். வீட்டில் நாம்தான் இருப்போம். 'இன்னும் காலி பண்ணச் சொல்லலையே' என்று நிம்மதியாக இருந்துவிடுகிற இடம் இது. ஆனால் 45 நாள் கணக்கு ஓட ஆரம்பிப்பதும் இங்கிருந்துதான்.

17-ஆம் பிரிவின்படி டிஆர்டியில் 45 நாளுக்குள் மனுப் போட வேண்டும். வீட்டை நிஜமாகப் பூட்டும் வரை காத்திருக்க வேண்டியதில்லை, காகித சுவாதீனம் எடுத்த உடனேயே போகலாம் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. மண்டிக்காரர் வீட்டில் நவம்பர் 20 அன்று ஒட்டினார்கள் என்றால் ஜனவரி 4 கடைசி நாள். 'பொங்கல் முடிஞ்சு வக்கீலைப் பார்க்கலாம்' என்றால் முடிந்தது கதை.

டிஆர்டி தர்மபுரியிலும் இல்லை, கிருஷ்ணகிரியிலும் இல்லை. தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரை ஆகிய ஊர்களில்தான் இருக்கிறது. ஊரில் இருக்கும் சப் கோர்ட்டிலோ முன்சீப் கோர்ட்டிலோ வங்கிக்கு எதிராக ஸ்டே கேட்கலாமே என்றால், 34-ஆம் பிரிவு சிவில் கோர்ட்டின் கையைக் கட்டிவிட்டது. அப்பட்டமான மோசடி போன்ற மிகக் குறுகிய சந்துதான் அங்கே மிச்சம். அது தெரியாமல் ஊரிலேயே ஒரு வழக்குப் போட்டு, அது நம்பர் ஆகாமல், அதாவது ஏற்கப்படாமல், திரும்பி வருவதற்குள் 45 நாள் கரைந்துவிடும்.

மனுக் கட்டணம் பயப்படும் அளவுக்கு இல்லை. கடன்தாரர் போடும் மனுவுக்கு, பாக்கி 10 லட்சத்துக்குக் கீழ் என்றால் லட்சத்துக்கு 500 ரூபாய். 10 லட்சமும் அதற்கு மேலும் என்றால் 5,000 ரூபாயும், 10 லட்சத்தைத் தாண்டும் ஒவ்வொரு லட்சத்துக்கு 250 ரூபாயும். எவ்வளவு போனாலும் ஒரு லட்சத்தைத் தாண்டாது. நம்மவரின் 22 லட்சத்துக்கு 8,000 ரூபாய் ஆகிறது. வக்கீல் ஃபீஸும் பேருந்துச் செலவும் தனி. ஆரம்பத்தில் இந்தச் சட்டம் டிஆர்டிக்குள் நுழையவே பாக்கியில் 75 சதவீதத்தைக் கட்டச் சொன்னது. அது நியாயமில்லை என்று 2004-இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அடித்துவிட்டது. அந்தத் தீர்ப்பு இல்லாவிட்டால் சாதாரண ஆள் டிஆர்டி வாசலில் நிற்கக்கூட முடியாது.

வக்கீலுக்குக் கொடுக்க வழியில்லாதவர்கள் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்கலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு வருமானம் பார்க்காமலே இலவசச் சட்ட உதவி உண்டு. தொலைபேசி எண் 15100. வீடு மனைவி பெயரில் இருந்தால் மனு அவர் பெயரில் போவதுதானே முறை. அப்போது இந்த வழி திறந்தே இருக்கிறது.

டிஆர்டி என்ன செய்யும்? நோட்டீஸ் முறையாகச் சேர்ந்ததா, ஆட்சேபணைக்குப் பதில் சொன்னார்களா, விளம்பரம் ஒழுங்காக வந்ததா என்று பார்க்கும். தவறு இருந்தால் நடவடிக்கையை ரத்து செய்து, எடுத்த சொத்தைத் திருப்பித் தரச் சொல்லவும் அதற்கு அதிகாரம் உண்டு. மனுவை 60 நாளில், மிஞ்சிப் போனால் 4 மாதத்தில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடைமுறையில் அதற்கு மேலும் இழுக்கும். அதனால் இடைக்காலத் தடைதான் எல்லோரும் குறிவைப்பது. அது பெரும்பாலும் சும்மா கிடைக்காது: 'இவ்வளவு வாரத்துக்குள் இவ்வளவு பணம் கட்டு, அதுவரை ஏலத்தை நிறுத்தி வைக்கிறேன்' என்ற மாதிரி உத்தரவுதான் வரும். சொன்ன தேதியில் கட்டாவிட்டால் தடை தானாக விழுந்துவிடும். எனவே வக்கீலைப் பார்க்கப் போவதற்கு முன்பே, எவ்வளவு புரட்ட முடியும் என்று வீட்டில் உட்கார்ந்து உண்மையாகக் கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். கையில் ஒன்றுமே இல்லாமல் வாங்கும் ஸ்டே, வட்டியை வளர்க்க மட்டும்தான் உதவும்.

டிஆர்டியில் தோற்றால் 30 நாளுக்குள் சென்னையில் உள்ள மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். அங்கே பாக்கியில் பாதியைக் கட்டினால்தான் மனுவையே எடுப்பார்கள். காரணம் காட்டிக் கேட்டால் 25 சதவீதம் வரை குறைக்கலாம், அதற்குக் கீழே இறங்க முடியாது. 22 லட்சத்துக்கு 11 லட்சம், குறைத்தாலும் ஐந்தரை லட்சம். ஆகவே நம்மைப் போன்றவர்களுக்கு டிஆர்டிதான் பெரும்பாலும் கடைசி வாசல்.

ஹைகோர்ட்டுக்கே நேராகப் போகலாமே என்பார்கள். ரிட் மனுப் போடும் உரிமையை யாரும் பறிக்க முடியாதுதான். ஆனால் டிஆர்டி என்று ஒரு வழி இருக்கும்போது இந்த விவகாரங்களில் உயர் நீதிமன்றங்கள் சாதாரணமாகத் தலையிடக் கூடாது என்று 2010-இல் சத்யவதி டாண்டன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023-இலும் அதையே அழுத்திச் சொன்னது. வங்கிக்கு அதிகாரமே இல்லாத இடத்தில் கை வைத்தது போன்ற அபூர்வமான நிலைக்குத்தான் அந்த வழி.

மாந்தோப்பு தப்புமா?

நம்ம பக்கத்தில் அதிகம் குழப்பம் நடக்கிற இடம் இது. விவசாய நிலத்தின் மீதான அடமானத்துக்கு சர்ஃபேசி சட்டம் பொருந்தாது என்று 31-ஆம் பிரிவு சொல்கிறது. அப்படியானால் மண்டிக்காரரின் இரண்டு ஏக்கரை வங்கி இந்தச் சட்டத்தில் ஏலம் விட முடியாது, வீட்டை மட்டும் விடலாம். சரி. ஆனால் அது விவசாய நிலம் என்று நிரூபிக்கும் பொறுப்பு கடன்தாரருடையது, வருவாய்ப் பதிவேட்டில் அப்படி எழுதியிருப்பது மட்டும் போதாது, நிஜமாக அங்கே விவசாயம் நடக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஓசூர், பர்கூர் பக்கம் பட்டாவில் புஞ்சை என்று இருக்கும், நேரில் போனால் மனைக்கல் நட்டு, தார் ரோடு போட்டு வைத்திருப்பார்கள். அந்த நிலத்துக்கு இந்தப் பாதுகாப்பு கிடைப்பது கடினம். காய்க்கிற தோப்பு, ஓடுகிற போர்வெல், வருடா வருடம் வாங்கிய அடங்கல், காய் விற்ற மண்டிச் சீட்டு, தோப்பின் போட்டோ எல்லாம் இருந்தால் வாதம் நிற்கும். இதையும் முதல் நோட்டீஸுக்கான பதிலிலேயே எழுதிவிட வேண்டும்.

தப்பியது நிலம்தான், கடன் தப்பவில்லை. பாக்கி 20 லட்சமும் அதற்கு மேலும் என்றால் டிஆர்டியில், அதற்குக் கீழே என்றால் சிவில் கோர்ட்டில் வங்கி வழக்குப் போட்டு, உத்தரவு வாங்கி, அந்தத் தோப்பையும் ஜப்திக்குக் கொண்டு வரலாம். நேரம் கூடும், அவ்வளவுதான்.

இதே 31-ஆம் பிரிவில் இன்னும் இரண்டு விலக்குகள் உண்டு. பாக்கி ஒரு லட்சத்தைத் தாண்டாத கடனுக்கும், அசலும் வட்டியும் சேர்ந்ததில் 20 சதவீதத்துக்கும் குறைவாகவே பாக்கி நிற்கும் கடனுக்கும் சர்ஃபேசி பொருந்தாது. பெரும்பகுதியைக் கட்டிவிட்டுக் கடைசியில் தடுக்கி விழுந்தவர்கள் இரண்டாவதைக் கவனிக்க வேண்டும். நகைக் கடன் இந்தச் சட்டத்துக்கே வெளியே. வீட்டுக் கடன் நிறுவனங்கள் அல்லாத மற்ற நிதி நிறுவனங்கள் 20 லட்சத்துக்குக் குறைந்த கடனுக்கு இதைப் பயன்படுத்த முடியாது. கூட்டுறவு வங்கிகள் பயன்படுத்தலாம் என்று 2020-இல் முடிவாகிவிட்டது.

பூட்டு, பேச்சு, ஏலம்

நாம் வீட்டைக் காலி செய்ய மறுத்தால் வங்கி 14-ஆம் பிரிவின்படி கலெக்டரிடமோ தலைமைக் குற்றவியல் நடுவரிடமோ போகும். அவர் நம் கடன் கணக்கில் நியாயம் பார்க்க மாட்டார், காகிதம் சரியாக இருந்தால் உத்தரவு போடுவார். அப்புறம் பெரும்பாலும் வக்கீல் ஆணையர் ஒருவர் போலீஸோடு வருவார். தேவைப்பட்டால் பூட்டை உடைத்து, உள்ளே இருக்கும் சாமான்களைப் பட்டியல் எடுத்துச் சீல் வைப்பார். அன்றைக்கு வாசலில் நின்று சண்டை போடுவதில் பிரயோஜனம் இல்லை. டிஆர்டி மனு எந்த நிலையில் இருக்கிறது என்பதுதான் அப்போது பேசும். அதே சமயம் இந்த உத்தரவு எதுவும் இல்லாமல் 'வசூல் ஆள்' என்று நான்கு பேர் வந்து மிரட்டுவது வேறு விஷயம். காலை 8 மணிக்கு முன்பும் மாலை 7 மணிக்குப் பின்பும் போன் போட்டுக் கடனைக் கேட்கக் கூடாது என்பது ரிசர்வ் வங்கியின் விதி. வங்கிக்கு எழுத்தில் புகார் கொடுத்து 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர் அதிகாரியிடம் போகலாம். கை நீட்டினால் போலீஸ் ஸ்டேஷன்.

நடுவில் எப்போது வேண்டுமானாலும் சமரசம் பேசலாம். ஓடிஎஸ் என்னும் ஒரே தவணைத் தீர்வில் வட்டியில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்து வங்கி கணக்கை முடிக்கலாம். ஆனால் அதை உரிமையாகக் கேட்க முடியாது, கொடுக்கச் சொல்லி நீதிமன்றம் வங்கிக்கு உத்தரவிட முடியாது என்பது 2021-ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. சொத்தின் மதிப்பு கடனைவிட மூன்று மடங்கு இருக்கும்போது எந்த வங்கியும் எளிதில் இறங்கி வராது. 'ஹெட் ஆபீஸ்ல ஆள் இருக்கு, முடிச்சுத் தரேன்' என்று கமிஷன் கேட்கிறவரிடம் கொடுக்கும் பணத்தைக் கடன் கணக்கில் கட்டினாலாவது வட்டி குறையும். பேசி முடிவானால் கடிதமாக வாங்குங்கள். மக்கள் நீதிமன்றத்தில் வைத்து முடித்தால் இன்னும் நல்லது. கட்டணம் இல்லை, அங்கே ஆகும் தீர்வு கோர்ட் டிகிரிக்குச் சமம், மேல்முறையீடும் கிடையாது. மேல்முறையீடு இல்லை என்பது நமக்கும் சேர்த்துத்தான். ஒத்துக்கொண்ட தொகையைக் கட்ட முடியுமா என்று யோசித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

ஏலத்துக்கு முன் அங்கீகரிக்கப்பட்ட மதிப்பீட்டாளரிடம் மதிப்பு வாங்கி, குறைந்தபட்ச விலையை நிர்ணயிக்க வேண்டும். விற்பதற்கு முன் நமக்கு 30 நாள் நோட்டீஸ் கொடுக்க வேண்டும். முதல் ஏலம் போணியாகாமல் மறு ஏலம் என்றால் 15 நாள் போதும். மதிப்பைக் குறைத்துப் போட்டிருந்தாலோ, நோட்டீஸில் நாள் குறைந்தாலோ டிஆர்டியில் கேட்கலாம். பத்திரப் பதிவு அலுவலகத்தின் வழிகாட்டி மதிப்பு, பக்கத்து மனை அண்மையில் விற்ற பத்திர நகல் இரண்டும் கையில் இருந்தால் வாதத்துக்குப் பலம்.

எல்லாவற்றிலும் கறாரான தேதி இங்கேதான் இருக்கிறது. முழு பாக்கியையும் செலவோடு கட்டிச் சொத்தை மீட்கும் உரிமை முன்பு விற்பனை முடியும் வரை இருந்தது. 2016-இல் சட்டத்தைத் திருத்தி, ஏல அறிவிப்பு வெளியாகும் நாள் வரைதான் என்று ஆக்கிவிட்டார்கள். 2023-இல் பாஃப்னா மோட்டார்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை அப்படியே உறுதி செய்தது. ஏல நாளன்று பணப் பையோடு போய் நின்றாலும் உரிமையாகக் கேட்க முடியாது. தோப்பை விற்றோ, நகையை வைத்தோ, அண்ணன் தம்பியிடம் வாங்கியோ கட்டுவதாக இருந்தால் அந்த விளம்பரம் வருவதற்கு முன்னால் கட்டிவிட வேண்டும்.

ஏலம் முடிந்து வங்கியின் பாக்கியும் செலவும் போக மீதி இருந்தால் அது சொத்துக்காரருக்கு உரியது. கணக்கு விவரத்தோடு எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். பாக்கிக்கு ஏலத் தொகை போதவில்லை என்றால் குறைந்த தொகைக்காக வங்கி டிஆர்டியிலோ, அது 20 லட்சத்துக்குக் கீழே என்றால் சிவில் கோர்ட்டிலோ தனியாக வழக்குப் போடலாம். அதில் ஜாமீன் போட்ட மச்சினர் பெயரும் இருக்கும்.